காஞ்சனபுரிக்கு ஒரு நாள் பயணம்: மரண ரயில்பாதையையும் ஆற்றங்கரை வாழ்வையும் சேர்த்துப் பார்க்க முடியுமா?

கரிசல்மண் கேட்கிறார்:

அனைவருக்கும் வணக்கம். டிசம்பர் மாத இறுதியில் குடும்பத்துடன் பாங்காக் செல்லவிருக்கிறோம். அறுபத்தெட்டு வயதான என் தாயார், மனைவி, கல்லூரியில் வரலாறு படிக்கும் மகள், நான் என நால்வர். கோயில்களுக்கும் கடைவீதிகளுக்கும் ஒதுக்கியது போக மீதமிருக்கும் ஒரு முழு நாளைக் காஞ்சனபுரிக்கென்று வைத்திருக்கிறோம். இரண்டாம் உலகப்போரில் ஜப்பானியப் படை தாய்லாந்திலிருந்து பர்மாவுக்குப் போட்ட சயாம் மரண ரயில்பாதையைப் பற்றி மகள் ஓரளவு படித்திருக்கிறாள். தாயாருக்கோ ஆறு, படகு, தோப்பு, சந்தை இவற்றைப் பார்ப்பதில்தான் விருப்பம். ஆகவே இரண்டையும் ஒரே நாளில் காட்டும், வழிகாட்டியுடன் கூடிய பயணத்தைத் தேடினேன். இரண்டு திட்டங்கள் கைக்கு வந்தன.

முதல் திட்டத்தில் காலை ஆறு மணிக்குப் புறப்பட்டு, முதலில் தம்னொன் சாதுவாக் மிதக்கும் சந்தைக்குச் சென்று படகில் சுற்றிவிட்டு, அங்கிருந்து காஞ்சனபுரிக்குப் போய்ப் போர்க்கல்லறை, அருங்காட்சியகம், அந்த ரயில்பாதையின் ஆற்றுப் பாலம் ஆகியவற்றைப் பார்த்து, ரயிலில் சிறிது தூரம் பயணம் செய்து, இரவு எட்டு மணிக்குள் விடுதிக்குத் திரும்பிவிடலாம் என்கிறார்கள். இரண்டாவது திட்டத்தில் மிதக்கும் சந்தை இல்லை. நேராக மலைப்பகுதிக்குச் சென்று ரயில்பாதைக்காக மலையை வெட்டிய ஹெல்ஃபயர் பாஸ் என்னும் பாறை வெட்டைப் பார்த்துவிட்டு, ‘நாம் தோக்’ என்னும் ரயில் நிலையத்திலிருந்து ரயிலில் பாலம் வரை இறங்கி வந்து, பிறகு ஆற்றில் படகுப் பயணம் செய்வது. மதிய உணவு ஆற்றில் மிதக்கும் தெப்ப உணவகத்தில்.

முதல் திட்டம் கேட்பதற்கு நிறைவாக இருந்தாலும் ஒவ்வோர் இடத்திலும் நிழற்படம் எடுத்துக்கொண்டு ஓடும் பயணமாகிவிடுமோ என்று தயங்குகிறேன். இரண்டாவதில் படிகள் அதிகம் என்று படித்தேன். தாயாருக்கு முழங்கால் வலி உண்டு. இவை தவிர எனக்கு இன்னும் இரண்டு ஐயங்கள். ஆற்றங்கரை வாழ்வு என்று இவர்கள் காட்டுவது உண்மையில் அங்கு வாழும் மக்களின் வாழ்வா, அல்லது பயணிகளுக்காக நடத்தப்படும் காட்சியா? அந்த ரயில்பாதை வேலைக்கு மலாயாவிலிருந்து அழைத்துச் செல்லப்பட்ட தமிழ்த் தொழிலாளர்களைப் பற்றி வழிகாட்டிகள் ஏதேனும் சொல்கிறார்களா? சென்று வந்தவர்கள் விரிவாக எழுதினால் உதவியாக இருக்கும்.

சாவ்பிரயாக் கரை எழுதுகிறார்:

வணக்கம். பணியின் பொருட்டுப் பாங்காக்கில் வசிப்பவன் என்ற முறையில் உறவினர்களையும் நண்பர்களையும் இரண்டு வழியிலும் அழைத்துச் சென்றிருக்கிறேன். உங்கள் குடும்பத்துக்கு இரண்டாவது திட்டமே பொருந்தும் என்பது என் கருத்து. ஆனால் அதைச் சற்று மாற்றிக்கொள்ள வேண்டும்.

முதலில் தொலைவைப் பாருங்கள். பாங்காக்கிலிருந்து காஞ்சனபுரி நகரம் ஏறத்தாழ 130 கிலோமீட்டர். அங்கிருந்து ஹெல்ஃபயர் பாஸ் இன்னும் 80 கிலோமீட்டர் வடமேற்கே இருக்கிறது. தம்னொன் சாதுவாக் பாங்காக்கின் தென்மேற்கே 100 கிலோமீட்டர் தொலைவில், வேறொரு திசையில் இருக்கிறது. மிதக்கும் சந்தையையும் காஞ்சனபுரியையும் ஒரே நாளில் சேர்க்கும் எந்தத் திட்டத்திலும் ஹெல்ஃபயர் பாஸ் இடம்பெறாததற்கு இதுதான் காரணம். அப்படிச் சேர்த்தால் வேனில் அமர்ந்திருக்கும் நேரம் இறங்கி நிற்கும் நேரத்தைவிட அதிகமாகிவிடும். பாலத்தருகே நீங்கள் இறங்கும்போது வெயிலும் களைப்பும் உச்சத்தில் இருக்கும்.

காலை ஆறு மணிக்கு முன்பே கிளம்பினால் ஒன்பதரை மணி அளவில் ஹெல்ஃபயர் பாஸ் சேர்ந்துவிடலாம். ஆஸ்திரேலிய அரசு 1998-இல் திறந்த விளக்க மையம் அங்கே இருக்கிறது. நுழைவுக் கட்டணம் கிடையாது. ஒலிவழிகாட்டிக் கருவியும் தருகிறார்கள். உங்கள் மகள் அதைக் கேட்டுக்கொண்டே நடந்தால் வழிகாட்டியின் பேச்சுகூடத் தேவைப்படாது. பாறை வெட்டுக்குச் செல்ல மலைச்சரிவில் நீண்ட படிக்கட்டு இறங்க வேண்டும். இறங்கியதைத் திரும்ப ஏறவும் வேண்டும். ஆகவே அம்மா மையத்திலேயே தங்கிவிடுவது நல்லது. அங்கிருந்து குவே நொய் ஆற்றின் பள்ளத்தாக்கு முழுவதும் தெரியும்; உட்கார இடமும் நிழலும் உண்டு. வெட்டுக்குள் போனால் பாறைச் சுவரில் கைத்துளையிட்ட தடங்களையும், உடைந்து அப்படியே பாறைக்குள் நின்றுவிட்ட துளைக்கம்பியையும் காணலாம். முதன்மை வெட்டு 75 மீட்டர் நீளமும் 25 மீட்டர் ஆழமும் கொண்டது. இயந்திரங்கள் மிகக் குறைவாக இருக்க, பெரும்பாலும் சம்மட்டியும் துளைக்கம்பியும் வெடிமருந்தும் கொண்டே 1943-இல் சில மாதங்களுக்குள் இதை வெட்டி முடித்தார்கள். இரவு வேலைக்காக ஏற்றிய தீப்பந்தங்களின் வெளிச்சத்தில் அந்தப் பள்ளம் நரகத்தின் வாயில் போலத் தெரிந்ததால்தான் நரகத்தீ என்று பொருள்படும் அந்த ஹெல்ஃபயர் என்ற பெயர்.

பதினொன்றரை மணிக்குள் அங்கிருந்து கிளம்பி நாம் தோக் நிலையத்துக்கு வந்துவிடுங்கள். மதியம் ஒரு மணியை ஒட்டி ஒரு ரயில் காஞ்சனபுரி நோக்கிப் புறப்படுகிறது. நேரம் அவ்வப்போது மாற்றப்படுவதால் முந்தைய நாள் சரிபார்த்துக்கொள்ளுங்கள். வெளிநாட்டவருக்குக் கட்டணம் 100 பாட். மூன்றாம் வகுப்புப் பெட்டி, திறந்த சாளரங்கள், முன்பதிவு கிடையாது. கீழிறங்கும் பயணத்தில் வலப்பக்கம் அமருங்கள். தாம் கிராசே என்னுமிடத்தில் ஒரு பக்கம் செங்குத்துப் பாறை, மறுபக்கம் ஆறு, நடுவில் மரத்தூண்கள் மேல் போடப்பட்ட பாதையில் ரயில் ஆமை வேகத்தில் நகரும்போது ஆறு வலப்பக்கம்தான் இருக்கும். வேன் காலியாகப் பாலத்துக்கு வந்து உங்களுக்காகக் காத்திருக்கும்படி முன்பே பேசிக்கொள்ள வேண்டும். பெரும்பாலான பயண ஏற்பாட்டாளர்கள் இதற்கு ஒப்புக்கொள்கிறார்கள்.

தெப்ப உணவகத்தைப் பற்றி ஒரு சொல். பாட்டும் கூத்துமாக ஆற்றில் இழுத்துச் செல்லப்படும் தெப்பங்களும் உண்டு, அமைதியாகக் கரையோரம் கட்டப்பட்டிருப்பவையும் உண்டு. எந்த வகை என்று கேட்டுத் தெரிந்துகொண்டு பணம் கட்டுங்கள். யானைச் சவாரியைத் திட்டத்தில் சேர்த்திருந்தால் அதை நீக்கச் சொல்லி அந்த நேரத்தைப் படகுக்குக் கொடுங்கள்.

தாய்லாந்தில் வழிகாட்டித் தொழில் அந்நாட்டுக் குடிமக்களுக்கு மட்டுமே ஒதுக்கப்பட்டது. உரிமம் பெற்ற வழிகாட்டி அடையாள அட்டையைக் கழுத்தில் அணிந்திருப்பார். எனவே தமிழில் பேசும் வழிகாட்டி என்று யாராவது விளம்பரம் செய்தால், அவருடன் உரிமம் பெற்ற தாய்லாந்து வழிகாட்டி ஒருவரும் வருகிறாரா என்று கேட்டுவிடுங்கள். தமிழ்த் தொழிலாளர்களைப் பற்றிய உங்கள் கேள்விக்கு என்னைவிடத் தகுதியானவர்கள் இங்கே இருக்கிறார்கள்.

பால்மரக்காடு எழுதுகிறார்:

வணக்கம் ஐயா. நான் பேராக் மாநிலத்துத் தோட்டக் குடும்பத்தில் பிறந்தவன். எங்கள் தோட்டத்திலிருந்து சயாமுக்குப் போனவர்களின் கதைகளைக் கேட்டே வளர்ந்தேன். ஆகவே இந்தப் பயணத்தைப் பற்றி எனக்கு ஒருதலையான பார்வை இருக்கலாம். அதை மறைக்க விரும்பவில்லை.

வழிகாட்டிகள் தாமாகத் தமிழர்களைப் பற்றிப் பேசுவது குறைவு. அதற்கு அவர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. பயணிகளுக்குக் காட்டுவதற்கு அங்கே இருப்பவை பாலமும் கல்லறைகளும்தான். நகர நடுவிலுள்ள போர்க்கல்லறையில் 6,982 பேர் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள். அனைவரும் போர்க்கைதிகளாக இருந்த நேச நாட்டுப் படையினர், பெரும்பாலும் பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சு வீரர்கள். ஒவ்வொரு கல்லிலும் பெயர், படைப்பிரிவு, வயது, பல கற்களில் குடும்பத்தார் எழுதிய ஒரு வரி. புல்வெளி அவ்வளவு சீராகப் பேணப்படுகிறது. அந்த வரிசைகளுக்கு நடுவே நடக்கும்போது, ரயில்பாதைக்கு உயிர் கொடுத்தவர்கள் எல்லோரும் இவர்களே என்று ஒருவர் எண்ணிவிட்டால் அதில் வியப்பில்லை.

கணக்கு வேறு. 1942-இல் தொடங்கி 1943 அக்டோபரில் இணைக்கப்பட்ட அந்த 415 கிலோமீட்டர் பாதையில் ஏறத்தாழ 60,000 போர்க்கைதிகள் வேலை செய்தார்கள். அவர்களில் 12,000-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்களோ 180,000-க்கும் மேல் என்று மதிப்பிடப்படுகிறது. பர்மியர், தமிழர், மலாய்க்காரர், ஜாவானியர், சீனர் எனப் பலர். இவர்களில் இறந்தவர்கள் ஏறத்தாழ 90,000 என்பது பரவலாக எடுத்தாளப்படும் மதிப்பீடு. மலாயாவிலிருந்து மட்டும் 70,000-க்கும் மேற்பட்டோர் கொண்டு செல்லப்பட்டார்கள், அவர்களில் பெரும்பான்மையினர் ரப்பர் தோட்டத் தமிழர்கள். போரால் ரப்பர் ஏற்றுமதி நின்றுபோய்த் தோட்டங்களில் வேலையும் அரிசியும் இல்லாத காலம் அது. சில மாத வேலை, நல்ல கூலி என்று சொல்லித் தொடக்கத்தில் ஆள் சேர்த்தார்கள். சிலர் மனைவி மக்களுடனேயே ரயிலேறினார்கள். போனவர்களிடமிருந்து ஒரு செய்தியும் வராமல் மக்கள் தயங்கத் தொடங்கியதும் வற்புறுத்தலும் ஆள்பிடிப்பும் தொடங்கின. இலவசப் படக்காட்சி என்று அழைத்து, கொட்டகைக் கதவைச் சாத்தி, உள்ளே இருந்த ஆண்களை லாரியில் ஏற்றிய கதையை எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் பலரும் சொல்லியிருக்கிறார்கள்.

இப்போது ஆற்றுக்கு வருகிறேன். போர் வரலாறு ஒரு பாதி, ஆற்றங்கரை வாழ்வு மறு பாதி என்று பயண ஏற்பாட்டாளர்கள் பிரித்து விற்பதில்தான் எனக்கு முரண்பாடு. அந்தப் பாதை அங்கே போனதற்கே ஆறுதான் காரணம். மலாக்கா நீரிணை வழியாகப் பர்மாவுக்குச் செல்லும் கடல்வழியில் நேச நாட்டு நீர்மூழ்கிகளின் அச்சுறுத்தல் இருந்ததால் ஜப்பானியப் படைக்கு ஒரு தரைவழி தேவைப்பட்டது. சாலையே இல்லாத அந்த மலைக்காட்டில் குவே நொய் பள்ளத்தாக்கு ஒன்றுதான் இயற்கையான வழியாக இருந்தது. அரிசி, கருவிகள், ஆட்கள் என எல்லாவற்றையும் மேலே கொண்டு செல்லப் படகுகள் உதவின. முகாம்கள் பலவும் ஆற்றின் ஓரமாகவே அமைந்தன. காஞ்சனபுரி வணிகரான பூன்போங் என்பவர் முகாம்களுக்குச் சரக்கு அனுப்பும் ஒப்பந்தத்தைப் பயன்படுத்திக்கொண்டு, காய்கறிகளுக்கு இடையே மருந்துகளையும் பணத்தையும் மறைத்துப் போர்க்கைதிகளுக்குச் சேர்ப்பித்தார். பிடிபட்டிருந்தால் உயிர் தப்பியிருக்க மாட்டார். பாக் பிரேக் என்னும் பழைய வீதியில் அவருடைய குடும்பத்தின் கடைவீடு இன்றும் நிற்கிறது. ஆற்றங்கரை வாழ்வைக் காண விரும்பும் உங்கள் தாயாருக்கு அந்த வீதி பிடிக்கும். பழைய கடைவீடுகள், நிழல், சமதளம், படிக்கட்டுத் தொல்லை இல்லை.

அதே ஆறு நோயையும் கொண்டு வந்தது. 1943 மே மாதம் மழை தொடங்கியதும் முகாம்களில் காலரா பரவியது. போர்க்கைதிகளோடு படை மருத்துவர்கள் இருந்தார்கள். தண்ணீரைக் கொதிக்க வைக்காமல் ஒரு சொட்டும் குடிக்கக் கூடாது, தட்டைக் கொதிநீரில் தோய்க்காமல் சோறு வாங்கக் கூடாது என்று கட்டாயப்படுத்தினார்கள். மூங்கில் குழாய்களையும் கிடைத்த கண்ணாடிப் புட்டிகளையும் கொண்டு உப்புநீர் ஏற்றும் கருவிகளைத் தாங்களே செய்தார்கள். தமிழர் முகாம்களில் இப்படிக் கட்டளையிட யாருமில்லை. மருத்துவர் இல்லை, கழிப்பிடம் இல்லை, ஆற்று நீரை அப்படியே குடித்தார்கள், இறந்தவர்களை எடுத்துப் போடவும் ஆளில்லாத நாட்கள் இருந்தன. ஒரே நோய், ஒரே மழை, ஒரே ஆறு. இருந்தும் இறப்பு விகிதம் இவ்வளவு வேறுபட்டதற்கு அமைப்பாக இருந்த படைக்கும் சிதறிக் கிடந்த மக்களுக்கும் இருந்த வேறுபாடே பெருங்காரணம். உங்கள் மகள் வரலாறு படிப்பவர் என்பதால் இதைச் சொல்கிறேன்: பாலத்தைப் பார்ப்பதைவிட இந்தக் கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டு பள்ளத்தாக்கைப் பார்ப்பது அவருக்கு அதிகம் கற்றுத்தரும்.

பாலத்தைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். இது ஒரு திரைப்படத்தால் உலகப் புகழ் பெற்றது. அந்தப் படத்துக்கும் நடந்ததற்கும் தொடர்பு மிகக் குறைவு. முதலில் மரப்பாலம் ஒன்றும் பிறகு ஜாவாவிலிருந்து கொண்டுவரப்பட்ட இரும்புச் சட்டங்களால் இந்தப் பாலமும் 1943-இல் கட்டப்பட்டன. வளைவாக இருக்கும் சட்டங்கள் பழையவை. நடுவில் நேர்கோடாக இருக்கும் இரண்டும் குண்டுவீச்சில் சிதைந்த பகுதிக்குப் பதிலாகப் போருக்குப் பின் பொருத்தப்பட்டவை. பாலம் கடப்பது குவே யாய் ஆற்றை. தாம் கிராசேயிலும் ஹெல்ஃபயர் பாஸ் கீழேயும் ஓடுவது குவே நொய். இரண்டும் காஞ்சனபுரி நகரத்தருகே கலந்து மே குளோங் ஆகின்றன.

தமிழர்களுக்காக நீங்கள் நிற்க வேண்டிய இடம் வேறு. போர்க்கல்லறைக்கு அருகிலேயே தாவோன் வராராம் என்னும் பௌத்தக் கோயில் இருக்கிறது. அங்கே ஆசியத் தொழிலாளர்களின் எலும்புகளைச் சேர்த்து அடக்கம் செய்த நினைவிடம் உண்டு. அண்மை ஆண்டுகளில் மலேசியத் தமிழ் அமைப்புகளின் முயற்சியால் ஒரு நடுகல்லும் நிறுவப்பட்டது. கல்லறையிலிருந்து நடந்தே போகலாம். எந்தப் பயணத் திட்டத்திலும் அது அச்சிடப்பட்டிருக்காது. வழிகாட்டியிடம் கேட்டால்தான் நிறுத்துவார். கல்லறைக்கு எதிரே 2003-இல் திறக்கப்பட்ட தாய்லாந்து–பர்மா ரயில்பாதை மையம் என்னும் அருங்காட்சியகத்திலும் ஆசியத் தொழிலாளர்களைப் பற்றிய செய்திகளைக் காணலாம். ஒரே ஓர் அருங்காட்சியகத்துக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால், பாலத்தருகே கண்ணில் படும் மற்றவற்றை விட்டுவிட்டு இதற்குப் போங்கள்.

தென்னம்பாளை எழுதுகிறார்:

மேலே இருவரும் எழுதியதோடு பெரும்பாலும் உடன்படுகிறேன். ஆனால் மிதக்கும் சந்தையை இருவரும் சற்று எளிதாகக் கைகழுவிவிட்டதாகத் தோன்றுகிறது. தம்னொன் சாதுவாக் சந்தை இன்று பெரும்பாலும் பயணிகளுக்கானது என்பது உண்மைதான். பத்து மணிக்கு மேல் போனால் பயணிகளின் படகுகள் ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு நிற்கும், விற்பவையும் நினைவுப் பொருட்களே. இருந்தும் அந்தக் கால்வாய் காட்சிக்காக வெட்டப்பட்டதன்று. 1860களில், நான்காம் ராமர் எனப்படும் மோங்குட் மன்னர் காலத்தில், மே குளோங் ஆற்றையும் தா சின் ஆற்றையும் இணைக்க வெட்டியது. 32 கிலோமீட்டர் நீளம். அதிலிருந்து பிரியும் கிளைக் கால்வாய்களுக்குள் காலை ஏழு மணிக்குப் படகில் போனால், வாய்க்கால் வெட்டி மேடாக்கிய நிலத்தில் தென்னையும் பம்ளிமாசும் வளர்வதையும், தென்னம்பாளையிலிருந்து இறக்கிய சாற்றை அகன்ற வாணலியில் காய்ச்சி வெல்லம் எடுப்பதையும் காணலாம். அம்மாவுக்கு இதுதான் பிடிக்கும் என்று நினைக்கிறேன்.

பாலத்தைத் தாண்டிக் குவே நொய்யோடு கலந்து மே குளோங் என ஓடும் ஆறுதான் இந்தப் பக்கமாக வந்து கடலில் சேர்கிறது. ஆகவே இரண்டையும் சேர்த்துப் பார்க்க நினைத்ததில் பிழையொன்றும் இல்லை. ஒரே நாளில் திணிப்பதுதான் பிழை. பாங்காக்கில் இன்னோர் அரைநாள் கிடைக்குமானால், அது வெள்ளி, சனி, ஞாயிறு ஆகிய நாட்களில் ஒன்றாகவும் இருக்குமானால், மாலையில் அம்பவா என்னும் மற்றொரு மிதக்கும் சந்தைக்குப் போங்கள். அங்கே பெரும்பாலும் தாய்லாந்து மக்களே வருகிறார்கள். இருட்டிய பிறகு படகில் போனால் கரையோர மரங்களில் மின்மினிகளைப் பார்க்கலாம்.

கரிசல்மண் எழுதுகிறார்:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. வீட்டில் எல்லோரும் சேர்ந்து படித்தோம். இரண்டாவது திட்டத்தையே எடுத்துக்கொண்டு, ஒரு சனிக்கிழமை மாலையில் அம்பவாவுக்குத் தனியாகப் போவதென்று முடிவு செய்திருக்கிறோம். தாவோன் வராராம் கோயிலைச் சேர்க்கப் பயண ஏற்பாட்டாளரிடம் கேட்டேன். ரயில் பாலத்தை அடையும் நேரத்தைப் பொறுத்துத்தான் சொல்ல முடியும் என்கிறார். இன்னும் மூன்று செய்திகளை அறிய விரும்புகிறேன். கல்லறை, நினைவிடம், அருங்காட்சியகம், படகு நான்கையும் ரயிலுக்குப் பிந்தைய நேரத்துக்குள் அடக்க முடியுமா? நினைவிடத்தில் கற்பூரம் ஏற்றி வணங்கலாமா என்று தாயார் கேட்கிறார். தொழிலாளர்களின் பெயர்களைத் தேடிப் பார்க்கப் பதிவேடு ஏதும் அங்கே கிடைக்குமா என்பது மகளின் கேள்வி.

பால்மரக்காடு எழுதுகிறார்:

பெயர்களைப் பற்றி முதலில். போர்க்கைதிகளுக்கு இருப்பதுபோன்ற முழுமையான பதிவேடு தொழிலாளர்களுக்கு இல்லை. காமன்வெல்த் போர்க்கல்லறை ஆணையத்தின் பட்டியலில் படையினர் பெயர்களே இருக்கும். எங்கள் பக்கத்தில் எஞ்சியிருப்பவை பெரும்பாலும் குடும்பங்களின் வாய்மொழிதான். உயிரோடு திரும்பியவர்கள் சொன்னவற்றை மலேசியாவில் பலரும் ஒலிப்பதிவாகவும் எழுத்தாகவும் சேகரித்திருக்கிறார்கள். உங்கள் மகள் புறப்படுவதற்கு முன்பே அவற்றைத் தேடிப் படிக்கட்டும். அங்கே போய்த் தேடினால் ஏமாற்றமே மிஞ்சும்.

அது பௌத்தக் கோயில். செருப்பைக் கழற்றிவிட்டுத் தோளும் முழங்காலும் மூடிய உடையில் போக வேண்டும் என்பது பொதுவான மரபு. மலரும் ஊதுவத்தியும் வைத்து வணங்கலாம். கற்பூரம் ஏற்றுவதென்றால் அங்குள்ள துறவியிடமோ பணியாளரிடமோ வழிகாட்டி மூலம் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். காய்ந்த இலைகள் கிடக்கும் இடத்தில் தீயைக் கண்டால் யாரும் பதறுவார்கள். விமானத்தில் கற்பூரம் கொண்டு செல்ல அனுமதி இல்லை என்பதால் பாங்காக்கில் சீலோம் சாலை மாரியம்மன் கோயிலருகே வாங்கிக்கொள்வது எளிது.

சாவ்பிரயாக் கரை எழுதுகிறார்:

நேரக் கணக்கை நான் சொல்கிறேன். ரயில் தாமதமாகாவிட்டால் இரண்டரை மணியை ஒட்டிப் பாலத்தில் இறங்குவீர்கள். அரை மணி வரை தாமதமாவது வழக்கம். பாலத்தில் நடக்க அதிக நேரம் தேவையில்லை. தண்டவாளத்துக்கு நடுவே பலகை போட்டிருக்கிறார்கள், பக்கவாட்டில் ஒதுங்கிநிற்க மேடைகளும் உண்டு. ஆனாலும் அம்மாவை முதல் சட்டத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள். அங்கிருந்து வேனில் நகரத்துக்குள் சென்று அருங்காட்சியகத்தை முதலில் பாருங்கள், ஏனெனில் அது மாலையில் மூடிவிடும். அதற்கு எதிரே உள்ள கல்லறையையும் அடுத்துள்ள கோயிலையும் ஐந்து மணிக்குள் முடிக்கலாம்.

படகுக்கு இரண்டு வழிகள். பாலத்தருகே நீள்வால் படகு எடுத்து, இரண்டு ஆறுகளும் கலக்குமிடத்தைக் கடந்து குவே நொய்க்குள் திரும்பி, சுங்காய் என்னும் இன்னொரு போர்க்கல்லறை வரை போய் வருவது ஒன்று. அந்தக் கல்லறை ஆற்றங்கரையிலேயே இருக்கிறது. நகரக் கல்லறையைவிட அமைதியானது. போர்க்காலத்தில் அங்கே பெரிய மருத்துவ முகாம் இருந்தது. இந்தப் படகுகள் வேகமானவை, சத்தம் மிகுந்தவை. உயிர்காப்பு உடையைக் கேட்டு வாங்கி அணியுங்கள். ஏறி இறங்கும்போது படகு ஆடும் என்பதால் அம்மாவுக்கு இருபுறமும் கை கொடுக்க ஆள் வேண்டும். அவர் தயங்கினால் இந்த வழியை விட்டுவிட்டு, மதிய உணவைக் குவே நொய்க் கரையிலுள்ள தெப்பத்தில் வைத்துக்கொண்டு அதிலேயே ஆற்றை நிதானமாகப் பார்க்கச் சொல்லுங்கள். மேலே அணை கட்டிய பிறகு நீர்மட்டம் அணை திறப்புக்கேற்ப ஏறி இறங்குகிறது; தெப்ப வீடுகள் அதற்கேற்பக் கயிற்றை நீட்டியும் இழுத்தும் கட்டிக்கொள்கின்றன. மலைப்பகுதித் தெப்பங்களில் வேலை செய்பவர்களில் பலர் மோன் இன மக்கள். அவர்களுடைய ஊரும் கோயிலும் கரையிலேயே இருக்கும் இடங்கள் உண்டு.

டிசம்பர் இறுதி என்பதால் ஒரு எச்சரிக்கை. புத்தாண்டு விடுமுறைக்கு உள்ளூர் மக்களும் திரளாக வருவார்கள், நாம் தோக் ரயிலில் நிற்க இடம் கிடைப்பதும் கடினமாகலாம், திரும்பும் சாலையிலும் நெரிசல் இருக்கும். முடிந்தால் 28-ஆம் தேதிக்கு முன், வார நாளாகப் பார்த்துப் போங்கள். நிலையத்துக்கு அரை மணி முன்பே சென்று, ரயில் வந்து நின்றதும் ஏறி, வலப்பக்கச் சாளர இருக்கையை அம்மாவுக்குப் பிடித்துக் கொடுத்துவிடுங்கள்.